அழிக்க வழியில்லாத சேமிப்பு: ‘மெர்சினரீஸ் 3டி’ விவகாரம் – ஒரு நிகழ்வு ஆய்வு

2011 ஜூன் மாதக் கடைசி. நின்டெண்டோ 3டிஎஸ் என்ற கையடக்கக் கேம் கருவி விற்பனைக்கு வந்து சில மாதங்களே ஆகியிருந்தன. அதற்காகக் காப்காம் நிறுவனம் உருவாக்கிய ‘ரெசிடென்ட் ஈவில்: தி மெர்சினரீஸ் 3டி’ கேம் ஜப்பானில் ஜூன் 2 அன்றே வெளியாகிவிட்டது. வட அமெரிக்காவுக்கு ஜூன் 28, ஐரோப்பாவுக்கு ஜூலை 1 என்று நாள் குறித்திருந்தார்கள். ஏறக்குறைய அந்த நாட்களில்தான் ஆங்கிலக் கையேட்டைப் புரட்டியவர்கள் கண்ணில் ஒரு வரி பட்டது. இந்த மென்பொருளில் சேமித்த தரவை ரீசெட் செய்ய இயலாது என்பது அதன் சாரம்.

கையேட்டில் யாரும் நின்று படிக்காத இடத்தில் இருந்த அந்த ஒரு வரி பெரிய சர்ச்சையாக வெடித்தது. கேம் பதிந்திருக்கும் கார்டை முதலில் வாங்கியவர் எவ்வளவு தூரம் ஆடினாரோ அந்த நிலை அப்படியே கார்டில் தங்கிவிடும். அவரே ஆசைப்பட்டாலும் ஆரம்பத்துக்குத் திரும்ப முடியாது. தம்பிக்குக் கொடுத்தாலும் சரி, விற்றாலும் சரி, அடுத்து ஆடுபவர் முன்னவர் விட்ட இடத்திலிருந்துதான் தொடர வேண்டும். பிரிட்டனில் சில விற்பனையாளர்கள் இந்தக் கேமைப் பழைய சரக்காகத் திரும்ப வாங்கப் போவதில்லை என்று சொல்லிவிட்டார்கள்.

கையடக்கக் கேம் கருவிகளில் சேமிப்பு தற்செயலாக அழிந்துபோன கதைகள் ஏராளம். பேட்டரி தீர்ந்து போனது, சேமிக்கும் நேரத்தில் கருவி அணைந்தது, வீட்டுக் குழந்தை புதிய ஆட்டத்தைத் தொடங்கிப் பழையதன் மேல் எழுதிவிட்டது என்று ஒவ்வொருவரிடமும் ஒன்று இருக்கும். உரிமையாளர் விரும்பியும் அழிக்க விடாத கேம் மிக அபூர்வம். அந்த அபூர்வத்துக்காகவே இந்த நிகழ்வை விரிவாக எடுத்துக்கொள்கிறேன். அழிக்கும் வசதி யாருக்குச் சொந்தம், அதை எங்கே வைக்க வேண்டும் என்ற கேள்வியை இவ்வளவு கூர்மையாக எழுப்பிய வேறு கேம் எனக்குத் தெரியவில்லை.

கேமின் இயல்பு

மெர்சினரீஸ் கதை சொல்லும் கேம் அன்று. ‘ரெசிடென்ட் ஈவில்’ தொடரின் 3ஆம் பாகத்தில், 1999இல், ஒரு கூடுதல் பகுதியாகத் தோன்றிய ஆட்ட முறை அது. 4, 5ஆம் பாகங்களில் வளர்ந்து, 3டிஎஸ்ஸில் தனிக் கேமாகவே வந்தது. நேரம் ஓடிக்கொண்டிருக்கும். அதற்குள் எத்தனை எதிரிகளை வீழ்த்துகிறோம், இடைவெளி விடாமல் எப்படி அடுத்தடுத்து வீழ்த்துகிறோம் என்பதைப் பொறுத்து மதிப்பெண். மதிப்பெண்ணைப் பொறுத்துத் தரம். ஆட ஆடப் புதிய பணிகள் திறக்கும், புதிய கதாபாத்திரங்கள் கிடைப்பார்கள், உடைகள் சேரும், திறன்கள் படிப்படியாக வலுப்பெறும். ஒரு கார்டுக்கு ஒரே ஒரு சேமிப்புக் கோப்பு.

இந்த இயல்பை மனத்தில் இருத்திக்கொள்வது முக்கியம். கதை கேமில் முன்னவரின் சேமிப்பு இருந்தாலும், ‘புதிய ஆட்டம்’ என்று ஒரு வழி இருந்தால் முதல் காட்சியிலிருந்து பார்த்துவிடலாம். மெர்சினரீஸில் முதல் காட்சி என்று ஒன்று இல்லை. பூட்டியிருப்பதைத் திறப்பதும், பதிவான மதிப்பெண்ணை முறியடிப்பதும்தான் அங்கே ஆட்டம். இரண்டும் சேமிப்புக் கோப்புக்குள்ளேயே நடக்கின்றன. அப்படிப்பட்ட கேமில் சேமிப்பை நிரந்தரமாக்குவது மற்ற எந்த வகைக் கேமிலும் செய்வதைவிடக் கடுமையான முடிவு.

சில்லுக்கு அது முடியும்

கையேட்டு வரியைப் படித்த சிலர், புதிய கருவி என்பதால் ஏதோ தொழில்நுட்பத் தடை இருக்கும் என்று நினைத்தார்கள். அப்படி நினைக்க இடமே இல்லை.

கையடக்கக் கருவிகளின் சேமிப்பு வரலாறு முழுக்க, எளிதில் மாற்றத்தக்க நினைவகங்களின் வரலாறுதான். 1989இல் வந்த கேம் பாய் கருவிக்கான கேட்ரிட்ஜ்களில், சேமிப்பு வசதி உள்ளவற்றில், கேமின் நிரல் ஒரு சில்லிலும் சேமிப்பு இன்னொரு சில்லிலும் இருந்தன. சேமிப்புக்கு எஸ்ரேம் வகை நினைவகம். மின்சாரம் இருக்கும்வரை மட்டுமே அது எதையும் நினைவில் வைத்திருக்கும். அதனால் கேட்ரிட்ஜுக்குள்ளேயே ஒரு பொத்தான் பேட்டரியைப் பற்றவைத்திருந்தார்கள். பேட்டரி தீர்ந்தால் பல மாத உழைப்பு ஒரே நொடியில் போய்விடும். கடிகாரமும் ஓட்ட வேண்டியிருந்த போக்கிமான் கோல்டு, சில்வர் கேட்ரிட்ஜ்களில் பேட்டரி இன்னும் சீக்கிரம் தீர்ந்தது. அந்தக் காலத்தில் எல்லோருடைய கவலையும் சேமிப்பை எப்படிக் காப்பது என்பதுதான்.

2001இல் வந்த கேம் பாய் அட்வான்ஸில் ஈஈப்ரோம், ஃபிளாஷ் ஆகிய வகைகள் சேர்ந்தன. மின்சாரம் இல்லாமலே தரவைத் தாங்கும் வகைகள் இவை. அதே கருவியில் 2002இல் வெளிவந்த போக்கிமான் ரூபி, சஃபையர் கேட்ரிட்ஜ்களிலும் பேட்டரி உண்டு. ஆனால் அது கடிகாரத்துக்கு மட்டும். பேட்டரி தீர்ந்தபின் நேரத்தைச் சார்ந்த நிகழ்வுகள் நின்றுபோகும், சேமிப்பு பத்திரமாக இருக்கும். 2004இல் வந்த டிஎஸ், பின்னர் 3டிஎஸ் என்று கார்டுகள் சிறுத்தபோதும் சேமிப்பு பெரும்பாலும் கார்டிலேயே இருந்தது. சோனியின் பிஎஸ்பி கருவி மட்டும் வேறு வழியில் போனது. அதன் கேம் வட்டில் எழுத இடமில்லாததால் மெமரி ஸ்டிக் என்ற தனி நினைவக அட்டையில் சேமித்தது. எந்த கேமின் சேமிப்பாக இருந்தாலும் கருவியின் பட்டியலிலேயே தேர்ந்தெடுத்து அழித்துவிடலாம்.

ஃபிளாஷ் நினைவகம் வேலை செய்யும் விதத்தை இங்கே சற்று விளக்க வேண்டும். அதில் எழுதும்போது 1 என்ற பிட்டை 0 ஆக்கலாம். 0 ஆனதை மீண்டும் 1 ஆக்க வேண்டுமென்றால், அந்தப் பிட் இருக்கும் தொகுதி முழுவதையும் ஒருசேர அழித்தாக வேண்டும். ஆகவே இருந்த இடத்திலேயே புதிதாக எழுத நினைத்தால் முதலில் அழிப்பு, பிறகு எழுத்து. அப்படிப்பட்ட ஒரு கார்டு, பணி முடிந்து மதிப்பெண் பதிவாகும் போதெல்லாம் தன்னைத் தானே மாற்றி எழுதிக்கொண்டுதான் இருக்கிறது. அந்தத் திறனை உரிமையாளரின் விருப்பத்துக்குப் பயன்படுத்த ஒரு பட்டியல் வரியும் ஒரு உறுதிப்படுத்தும் கேள்வியும் போதும். மெர்சினரீஸில் அந்த வரி வைக்கப்படவில்லை.

கருவியும் கைகொடுக்கவில்லை. 3டிஎஸ்ஸின் அமைப்புகளில் தரவு மேலாண்மை என்று ஒரு பகுதி உண்டு. எஸ்டி கார்டில் உள்ள கேம்களையும் கூடுதல் தரவுகளையும் அங்கே அழிக்கலாம். கேம் கார்டுக்குள் இருக்கும் சேமிப்பை அது தொடாது. கருவியின் நினைவகத்தை முழுதாக ஃபார்மட் செய்தாலும் கார்டில் எழுதப்பட்டது அப்படியே இருக்கும். கார்டுச் சேமிப்பை அழிக்கும் பொறுப்பை ஒவ்வொரு கேமின் கையிலும் நின்டெண்டோ விட்டுவைத்திருந்தது. கேம் மறுத்தால் மேல்முறையீடு செய்ய இடமில்லை. காப்காம் மீது மட்டுமே பழி விழுந்த இந்த விவகாரத்தில், கருவியை வடிவமைத்தவர்களுக்கும் பங்குண்டு என்பது என் கருத்து. ஒரு கார்டைச் செருகினால் அதன் சேமிப்பை வெறுமையாக்கும் பொது வசதி ஒன்று கருவியில் இருந்திருந்தால், எந்த கேம் நிறுவனமும் இப்படி ஒரு வரியைக் கையேட்டில் அச்சிட்டிருக்க முடியாது.

பல ஆண்டுகள் கழித்து, தனிப்பட்ட நிரலாளர்கள் 3டிஎஸ்ஸுக்கென்று எழுதிய சேமிப்பு மேலாண்மைக் கருவிகள் கார்டுச் சேமிப்பைப் பிரதியெடுக்கவும் திரும்ப எழுதவும் அழிக்கவும் வழி செய்தன. நிறுவனத்தின் அங்கீகாரம் அவற்றுக்குக் கிடையாது. ஆனால் தடை முழுவதும் கேமின் நிரலில்தான் இருந்தது என்பதற்கு அவை கண்முன் நிற்கும் சான்று.

நிறுவனத்தின் விளக்கம்

காப்காம் மௌனமாக இருக்கவில்லை. பணிகளின் முன்னேற்றம் நேரடியாகக் கார்டில் சேமிக்கப்படுகிறது, அதை ரீசெட் செய்ய முடியாது என்பதை ஒப்புக்கொண்டது. மதிப்பெண்ணை மேம்படுத்த மீண்டும் மீண்டும் ஆடத் தூண்டும் கேம் இது என்றது. இதனால் எந்தப் பகுதியும் ஆடுபவருக்குக் கிடைக்காமல் போவதில்லை என்றது. பழைய கேம் விற்பனையைத் தடுப்பது நோக்கமே இல்லை என்றும் திட்டவட்டமாகச் சொன்னது. ஆர்கேட் (காசு போட்டு ஆடும் பொது எந்திரம்) பாணி ஆட்டத்துக்கு ஏற்ற சேமிப்பு முறை இது, சண்டைக் கேம்களில் ஒரு கதாபாத்திரத்தைத் திறந்தால் அது திறந்தே இருப்பதைப் போன்றது என்பது நிறுவனத் தரப்பிலிருந்து வந்த மற்றொரு வாதம். இனி இப்படி நடக்க வாய்ப்பில்லை என்ற பேச்சும் அங்கிருந்தே வந்தது.

நோக்கம் பற்றிய மறுப்பைப் பலர் நம்பவில்லை. அதற்குக் காலச்சூழல் ஒரு காரணம். 2010இல் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் என்ற கேம் நிறுவனம் ‘ஆன்லைன் பாஸ்’ என்ற முறையைக் கொண்டுவந்திருந்தது. புதிய கேமுடன் ஒருமுறை மட்டும் பயன்படும் குறியீடு வரும். பழையதாக வாங்குபவர் இணைய ஆட்டத்துக்குத் தனியாகப் பணம் கட்ட வேண்டும். மறுவிற்பனைச் சந்தையை நிறுவனங்கள் வெறுக்கின்றன என்று எல்லோரும் உணர்ந்திருந்த நேரம் அது. இன்னொரு காரணம் பழையது. ஒருமுறை முறையாக விற்கப்பட்ட கேமை வாங்கியவர் மறுவிற்பனை செய்வதைப் பதிப்புரிமையைக் காட்டித் தடுக்க முடியாது என்று 2002 ஏப்ரல் 25 அன்று ஜப்பானின் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பழைய கேம் விற்ற கடைகளுக்கு எதிராக அந்த வழக்கை நடத்தித் தோற்ற நிறுவனங்களில் காப்காமும் ஒன்று.

இந்த இரண்டையும் வைத்து உள்நோக்கம் கற்பிக்க நான் தயாரில்லை. நோக்கத்துக்கு ஆவணச் சான்று கிடையாது; ஒரு வடிவமைப்புக் குழு நல்லெண்ணத்தோடும் தவறான முடிவை எடுக்கலாம். காப்காமின் சொல்லை அப்படியே ஏற்றுக்கொண்டு, அதன் வாதம் தன் கால்களில் நிற்கிறதா என்று பார்ப்பதே பயனுள்ள வேலை.

முதலில் ஆர்கேட் வாதம். ஆர்கேட் எந்திரத்தின் மதிப்பெண் பட்டியல் நிரந்தரமானது என்பது உண்மைக்கு மாறானது. 1980இல் வந்த பேக்-மேன் போன்ற ஆரம்பகால எந்திரங்களில் மின்சாரத்தை அணைத்தால் உச்ச மதிப்பெண் போய்விடும். மறுநாள் காலை கடை திறக்கும்போது எல்லோருக்கும் வெற்றுப் பலகை. பிற்கால எந்திரங்கள் மதிப்பெண்ணைத் தாங்கின. கூடவே, எந்திரத்தை நடத்துபவர் மட்டும் திறக்கக்கூடிய சோதனைப் பட்டியலும், அதில் பதிவுகளை அழிக்கும் வசதியும் பரவலாக இருந்தன. அதாவது, ஆர்கேட் மரபிலும் அழிக்கும் அதிகாரம் எந்திரத்தின் உரிமையாளரிடம் இருந்தது. மெர்சினரீஸ் கார்டின் உரிமையாளர், அதைக் காசு கொடுத்து வாங்கியவர். ஆர்கேட் மரபைப் பின்பற்றுவதாகச் சொல்லிவிட்டு, அந்த மரபு உரிமையாளருக்குக் கொடுத்த வசதியை மட்டும் விட்டுவிட்டார்கள்.

சண்டைக் கேம் ஒப்புமையும் நிற்கவில்லை. வீட்டுக் கருவிகளில் அந்தக் கேம்களின் சேமிப்பு மெமரி கார்டில் ஒரு தனிக் கோப்பாக இருந்தது. கேமுக்குள் ரீசெட் வசதி இல்லாவிட்டாலும், கருவியின் பட்டியலில் போய்க் கோப்பை நீக்கிவிட்டால் மறுபடி முதலிலிருந்து ஆடலாம்.

எந்தப் பகுதியும் குறையவில்லை என்ற வாதம்தான் ஆழமாகப் பார்க்க வேண்டியது, ஏனென்றால் சொல்லளவில் அது சரி. எல்லாப் பணிகளும் கார்டில் இருக்கின்றன. இரண்டாவதாக வாங்கியவர் எதை வேண்டுமானாலும் ஆடலாம். இன்னும் சொல்லப்போனால் முதல் நாளிலேயே எல்லாக் கதாபாத்திரங்களும் அவருக்குக் கிடைக்கலாம். முன்னொருவர் விடைகளை நிரப்பிவிட்ட குறுக்கெழுத்துப் புதிரிலும் ஒரு கட்டம்கூடக் குறைவதில்லை. நிரப்புவதுதான் அதில் ஆட்டம். மெர்சினரீஸில் பூட்டு, சாவி, ஏணிப்படி ஆகியவைதான் நிறுவனம் விற்ற பொருள். அவற்றை ஒரே ஒருமுறை மட்டும் பயன்படும்படி செய்துவிட்டு, பகுதிகள் எல்லாம் இருக்கின்றன என்று எண்ணிக் காட்டுவது பொருந்தாத அளவுகோலால் அளப்பது.

இழந்தவர்கள் யார்

சர்ச்சை முழுவதும் பழைய கேம் வாங்குபவரைச் சுற்றியே ஓடியது. எனக்கு அதைவிட முக்கியமாகத் தோன்றுபவர் முதல் உரிமையாளர். முழு விலை கொடுத்து வாங்கிய அவருக்கும் மறுதொடக்கம் கிடையாது. ஓராண்டு கழித்து எடுத்து, திறன் எதுவும் வலுப்பெறாத நிலையிலிருந்து மறுபடி ஏற ஆசைப்பட்டால் வழியில்லை. இரண்டு பிள்ளைகள் இருக்கும் வீட்டில் மூத்தவர் முடித்துவிட்டால் இளையவருக்குத் திறக்க எதுவும் மிஞ்சாது. மூத்தவரின் மதிப்பெண்களோடு மோதிக்கொண்டே இருக்க வேண்டியதுதான். மறுவிற்பனையைத் தடுக்கும் எண்ணம் நிறுவனத்துக்கு இருந்ததா இல்லையா என்ற கேள்வியையே இது பின்னுக்குத் தள்ளிவிடுகிறது. யாருக்கும் விற்காமல் தன் அலமாரியிலேயே வைத்திருப்பவரும் இழந்தார்.

வாடகைக்கு எடுப்பவர், நூலகத்தில் இரவல் வாங்குபவர், நண்பரிடம் கடன் கேட்பவர் எல்லோரும் இந்தப் பட்டியலில் அடுத்தடுத்து வருவார்கள். அமெரிக்காவில் கணினி மென்பொருளை வாடகைக்கு விடுவதைக் கட்டுப்படுத்தும் சட்டமே கேம் கருவிகளுக்கான கேம்களுக்கு விலக்கு அளித்திருக்கிறது. கேம்கள் கைமாறுவது விதிவிலக்கான நடத்தை என்று யாரும் சொல்ல முடியாது.

போக்கிமான் காட்டிய வழி

எதிர்ப்பக்கத்தில் நின்று பார்க்க ஏற்றவை போக்கிமான் கேம்கள். அங்கும் ஒரு கார்டுக்கு ஒரே சேமிப்புக் கோப்புதான். 1996இல் ஜப்பானில் தொடங்கிய முதல் தலைமுறையிலிருந்தே, தலைப்புத் திரையில் மேல் அம்பு, செலக்ட், பி ஆகிய மூன்று பொத்தான்களையும் ஒருசேர அழுத்தினால் சேமிப்பை அழிக்கலாமா என்று கேட்கும் தனித் திரை வரும். டிஎஸ் காலம்வரை இதே சேர்க்கை நீடித்தது. செலக்ட் பொத்தானின் முக்கியத்துவம் குறைந்த 3டிஎஸ் காலத்தில் மேல் அம்பு, எக்ஸ், பி என்று மாறியது.

இந்தச் சிறிய வசதிக்குள் இருக்கும் சிந்தனையை நான் மிகவும் மதிக்கிறேன். மூன்று பொத்தான்கள் தற்செயலாக ஒன்றாக அழுந்துவது கடினம். அதுவும் தலைப்புத் திரையில், ஆட்டம் தொடங்கும் முன். கேள்வி வரும்போது சுட்டி ‘வேண்டாம்’ என்பதில்தான் நிற்கும், ‘சரி’க்கு அதை நகர்த்த வேண்டும். ஆகவே கை தவறி ஏ பொத்தானைத் தட்டுபவர் தப்பித்துக்கொள்வார். சரி என்று சொன்னபின் நடக்கும் அழிப்பு அரைகுறையாக இருக்காது. முதல் தலைமுறையின் நிரல், 32 கிலோபைட் சேமிப்பு நினைவகத்தின் நான்கு பகுதிகளையும் ஒன்று விடாமல் ஒரே மதிப்பால் நிரப்புகிறது. ரூபி, சஃபையர் அடங்கிய மூன்றாம் தலைமுறை, 128 கிலோபைட் ஃபிளாஷின் எல்லாத் தொகுதிகளையும் வரிசையாக அழிக்கிறது.

அழிப்பை முழுமையாகச் செய்த அதே கேம்கள், காப்பதிலும் கவனம் காட்டின. மூன்றாம் தலைமுறை ஒவ்வொரு முறை சேமிக்கும்போதும் இரண்டு இடங்களில் மாறி மாறி எழுதுகிறது. எழுதும் நடுவில் கருவி அணைந்துபோனால், அந்தப் பிரதி சிதைந்திருப்பதைச் சரிபார்ப்புத் தொகையால் கண்டுபிடித்து, முந்தைய சேமிப்புக்குத் திரும்பும். திரும்பியதைத் திரையில் சொல்லவும் செய்யும். தற்செயலுக்கு எதிராக இரண்டு பிரதி, விருப்பத்துக்கு ஒரு தெளிவான வாசல். ஒன்று இன்னொன்றுக்கு இடைஞ்சலாக இருக்க வேண்டியதில்லை என்பதைக் காப்காமுக்குப் பல ஆண்டுகள் முன்பே இவர்கள் செய்து காட்டியிருந்தார்கள்.

குறை இல்லாமல் இல்லை. பொத்தான் சேர்க்கை திரையில் எங்கும் எழுதப்பட்டிருக்காது. கையேட்டில் மட்டும் இருக்கும். பழைய கேட்ரிட்ஜ் பெரும்பாலும் கையேடு இல்லாமல்தான் கைமாறும். ஆரம்பத் தலைமுறைகளில் இது பெரிய தொல்லையாக இருக்கவில்லை. புதிய ஆட்டத்தைத் தொடங்கிச் சேமித்தால், பழைய கோப்பு அழிந்துபோகும், சம்மதமா என்று கேட்டுவிட்டு மேலே எழுதிக்கொள்ளும். 2006இல் வந்த போக்கிமான் டைமண்ட், பேர்ல் கேம்களிலிருந்து அதுவும் நின்றது. பழைய கோப்பு இருக்கும்வரை புதிய ஆட்டத்தைச் சேமிக்கவே விடாது. குழந்தைகள் அண்ணனின் கோப்பின் மேல் எழுதிவிடும் விபத்தைத் தடுக்க இது நல்ல ஏற்பாடு. ஆனால் பொத்தான் சேர்க்கை தெரியாதவர், அறிமுகப் பகுதி முழுவதையும் ஆடி முடித்து, சேமிக்கப் போகும் இடத்தில் முட்டிக்கொண்டு நிற்பார். அந்தத் தடைச் செய்தியிலேயே அழிக்கும் முறையையும் ஒரு வரி சொல்லியிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்!

பழைய போக்கிமான் கார்டு கைக்கு வந்தால் உடனே அழித்துவிடாமல், முன்னவரின் பெயரையும் அவர் வளர்த்த அணியையும் ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது என்று நினைப்பவன் நான். யாரோ ஒருவர் அவற்றுக்கு வைத்த செல்லப் பெயர்களில் அத்தனை பாசம் இருக்கும். அழிப்பதா, வேறு கார்டுக்கு மாற்றிக் காப்பதா என்று முடிவெடுக்கும் உரிமை புதிய உரிமையாளருக்கு இருப்பதால்தான் அந்தப் பார்வைக்கும் மதிப்பு.

அழிப்பைச் சடங்கைப் போல நடத்திய கேமும் உண்டு. ஆடுபவர் ஓர் ஊரை வளர்த்தெடுக்கும், 3டிஎஸ்ஸின் ‘அனிமல் கிராசிங்: நியூ லீஃப்’ கேமுக்கு 2016இல் வந்த இலவசப் புதுப்பிப்புக்குப் பிறகு, ஊரை அழித்துப் புதிதாகத் தொடங்க நினைப்பவரிடம் டாம் நூக் என்ற வணிகர் அந்த ஊரை மதிப்பிட்டு விலைக்கு வாங்கிக்கொள்வார். உழைப்பின் மதிப்பு கேமுக்குள் புழங்கும் பணமாகப் புதிய ஊருக்கு உடன் வரும். அழிப்பு ஆட்டத்தின் ஒரு கட்டமாகவே அங்கே மாறிவிட்டது.

கார்டிலிருந்து கருவிக்கு

2017இல் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச், மெர்சினரீஸ் வகைச் சிக்கலை அடியோடு நீக்கியது. கேம் கார்டில் சேமிப்பே இல்லை. மைக்ரோஎஸ்டி கார்டிலும் இல்லை. கருவியின் உள் நினைவகத்தில், பெரும்பாலும் பயனர் கணக்கு வாரியாக அது இருக்கிறது. கார்டை விற்றால் வாங்குபவருக்குச் சுத்தமான தொடக்கம். அமைப்புகளில் தரவு மேலாண்மைக்குப் போய் எந்த கேமின் சேமிப்பையும் அழிக்கலாம். கேம் நிறுவனத்தின் அனுமதி தேவையில்லை. 2011இல் இல்லாமல் போன பொது வசதி இதுதான்.

அதிகாரம் இடம் மாறும்போது ஆபத்தும் கூடவே இடம் மாறுகிறது. கேம் பாய் காலத்தில் கருவி உடைந்தால் கேட்ரிட்ஜை வேறு கருவியில் செருகித் தொடரலாம். ஸ்விட்ச் தொலைந்தால் கார்டு கையில் இருந்தும் பயனில்லை. 2018 செப்டம்பரில் கட்டணச் சேவையின் பகுதியாக இணையப் பிரதி வசதி வந்தது. ஆனால் எல்லா கேம்களும் அதில் சேரவில்லை. போக்கிமான் சோர்டு, ஷீல்டு சேரவில்லை. சந்தா முடிந்தால் பிரதியை எடுக்க முடியாது. 180 நாட்களுக்குள் புதுப்பித்தால் பழைய பிரதி கிடைக்கும்.

2020 மார்ச் 20 அன்று வெளியான ‘அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ்’ இன்னொரு கோணத்தைக் காட்டியது. அதில் ஊருக்குப் பதில் தீவு. ஒரு கருவிக்கு ஒரே தீவு. வீட்டில் எத்தனை பயனர் கணக்குகள் இருந்தாலும் எல்லோரும் அதே தீவில்தான் குடியிருக்க வேண்டும். முதலில் தொடங்கியவர் குடியிருப்போர் பிரதிநிதி ஆகிவிடுவார். தீவின் முக்கிய வளர்ச்சிப் பணிகள் அவர் வழியாகவே நகரும். தீவின் சேமிப்பைக் கருவியின் அமைப்புகளில் போய் அழித்தால் எல்லோருடைய வீடுகளும் சேர்ந்தே போகும். மெர்சினரீஸில் உரிமையாளருக்கே அழிக்கும் அதிகாரம் இல்லை; இங்கே கருவி கையில் இருக்கும் ஒருவருக்கு மற்றவர்களின் உழைப்பையும் அழிக்கும் அதிகாரம். அந்த ஆண்டு ஜூலை இறுதியில் வந்த புதுப்பிப்பில் தீவைச் சேவையகத்தில் பிரதியெடுக்கும் வசதி சேர்ந்தது. கருவி தொலைந்தவர்களுக்கும் பழுதானவர்களுக்கும் அது பெரிய ஆறுதல். அழிக்கும் முன் தீவில் குடியிருக்கும் மற்றவர்களின் சம்மதத்தைக் கேட்கும் ஏற்பாடு இருந்திருக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

கை மாறும் முன்

இந்த நிகழ்வுகளை வைத்துப் பார்த்தால், கார்டையோ கருவியையோ பிறருக்குக் கொடுக்கும் முன் முதலில் கேட்க வேண்டியது, சேமிப்பு எங்கே இருக்கிறது என்பதுதான். கேம் பாய், அட்வான்ஸ், டிஎஸ், 3டிஎஸ் கார்டு என்றால் பெரும்பாலும் கார்டிலேயே இருக்கிறது. கருவியை ஃபார்மட் செய்வது அதை அழிக்காது; கேமுக்குள் இருக்கும் பட்டியலையோ பொத்தான் சேர்க்கையையோ தேட வேண்டும். 3டிஎஸ்ஸில் கேம் சார்ந்த கூடுதல் தரவு எஸ்டி கார்டில் தனியாக இருக்கலாம் என்பதால், அமைப்புகளிலும் ஒருமுறை பார்த்துவிட வேண்டும். ஸ்விட்ச் என்றால் கார்டைக் கொடுப்பதற்கு எதுவும் செய்ய வேண்டாம். கருவியைக் கொடுப்பதானால் சேமிப்பைப் புதிய கருவிக்கு மாற்றிய பிறகே முழு அழிப்பைத் தொட வேண்டும். அந்த மாற்றம் பிரதியெடுப்பதாக இல்லாமல் இடம்பெயர்வாகவே நடக்கிறது. முடிந்ததும் பழைய கருவியில் அந்தச் சேமிப்பு இருக்காது. கருவியில் அழித்ததால் இணையப் பிரதியும் அழிந்துவிட்டது என்று எண்ணிக்கொள்ளவும் கூடாது. அதைத் தனியாகத்தான் நீக்க வேண்டும்.

பேட்டரி உள்ள பழைய கேட்ரிட்ஜ் வாங்குபவர்கள், சேமித்து, அணைத்து, சில மணி நேரம் கழித்து மீண்டும் போட்டுப் பார்ப்பது அவசியம். பேட்டரியை மாற்றுவதற்காகக் கழற்றும் கணத்தில் எஸ்ரேமில் உள்ளது போய்விடும். பழைய சேமிப்பு வேண்டுமென்றால் அதற்கு முன்பே பிரதியெடுத்துக்கொள்ள வேண்டும்.

மெர்சினரீஸ் 3டியைப் பொறுத்தவரை நிலைமை காலத்தோடு மோசமாகத்தான் ஆனது. 3டிஎஸ்ஸின் இணையக் கடையில் வாங்கும் வசதி 2023 மார்ச் 27 அன்று மூடப்பட்டது. 2024 ஏப்ரலில் கருவியின் இணைய ஆட்டச் சேவையும் நின்றது. இன்று அந்த கேமை ஆட விரும்புபவருக்குப் பழைய கார்டுதான் வழி. பிரிக்காத உறையில் கிடைத்தாலோ, முன்சொன்ன அங்கீகாரமற்ற கருவிகளால் யாராவது அழித்திருந்தாலோ ஒழிய, அதில் முதல் உரிமையாளர் திறந்தவை திறந்தபடியே இருக்கும். வாங்குபவர்கள் கார்டின் சேமிப்பு எந்த நிலையில் இருக்கிறது என்று விற்பவரிடம் கேட்டு, முடிந்தால் திரையின் படத்தையும் அனுப்பச் சொல்லிப் பார்த்துவிட்டு வாங்குவது நல்லது.